முழுத்திரையா, வெட்டின துண்டா? ஆத்தங்குடிக் கல் ஆர்டருக்கு எடுக்கும் ஸ்கிரீன்ஷாட்

காரைக்குடியில் ஆத்தங்குடிக் கல்லுக்கு ஆர்டர் எடுக்கிறேன். கண்ணாடி மேல் கையாலேயே சாயத்தை ஊற்றிச் செய்கிற கல், தண்ணீரில் ஊறிக் காய்ந்தபின் நிறத்தை மாற்ற வழியில்லை. அதனால் வாட்ஸ்அப் வெப்பில் "இந்தப் பூ, இந்தச் சிவப்பு, சரி" என்று வாடிக்கையாளர் சொன்னதும் லேப்டாப்பில் ஸ்கிரீன்ஷாட் எடுத்து வைத்துவிடுவேன். எல்லா வழியும் பார்த்துவிட்டு இப்போது ஸ்னிப்பிங் டூல் என்கிற விண்டோஸின் திரை வெட்டும் கருவியைத் திறக்கும் விண்டோஸ்+ஷிஃப்ட்+எஸ்தான் என் கைக்குப் பழகியிருக்கிறது.

ஃபோனால் திரையைப் படம் பிடிப்பது வேண்டவே வேண்டாம். கோடு கோடாக விழும், நிறமும் மாறும். வெறும் ப்ரின்ட் ஸ்கிரீன் என்றால் பெயின்ட்டில் ஒட்டிச் சேமிக்கிற வேலை. புது விண்டோஸ் 11இல் அந்தக் கீயே ஸ்னிப்பிங் டூலைத் திறந்துவிடுகிறது.

போட்டி விண்டோஸ்+ப்ரின்ட் ஸ்கிரீனோடுதான். அழுத்தினால் திரை ஒரு கணம் மங்கும், முழுத்திரையும் பிக்சர்ஸில் ஸ்கிரீன்ஷாட்ஸ் ஃபோல்டருக்குப் போய்விடும். சில லேப்டாப்பில் எஃப்என் கீயும் சேர வேண்டும். வீடியோ காலில் பழைய தரையை நடந்துகொண்டே காட்டுவார்கள், அப்போது இதன் வேகம் தனி. ஆனால் முழுத்திரை என்றால் ஓரத்தில் அடுத்தவர் பெயரும் வரும். தேவகோட்டை ஆச்சி ஒருவருக்கு டிசைன் அனுப்பினேன், பக்கத்தில் இன்னொருவருக்குச் சொன்ன விலை தெரிந்தது. "அவுகளுக்கு மட்டும் ஏன் தம்பி குறைச்சு?" என்றார்கள். அந்த இன்னொருவர் எடுத்த அளவு அதிகம், அதைச் சொன்னேன். ஆனாலும் ஒருவர் கணக்கை இன்னொருவருக்குக் காட்டியது தப்புதான். விண்டோஸ்+ஷிஃப்ட்+எஸ்ஸில் வேண்டிய இடத்தை மட்டும் இழுத்து எடுக்கலாம்.

அதைவிட எனக்குப் பெரிதாகப் பட்டது கோப்பின் பெயர். முழுத்திரைப் படங்கள் ஸ்கிரீன்ஷாட் (1), (2) என்று வெறும் எண்ணோடு சேரும். இங்கே வீட்டு மராமத்து சட்டென்று முடிகிற வேலை இல்லை. முகப்புக்கு இன்று கல் எடுத்தவர் ஆறு மாதம் கழித்து உள்ளே முற்றத்தைச் சுற்றியுள்ள வளவுக்குக் கேட்பார், "போன தரம் சொன்ன அதே பச்சை" என்பார், நான் (217)ஆ (271)ஆ என்று ஒவ்வொன்றாகத் திறந்துகொண்டிருப்பேன். ஸ்னிப்பிங் டூலோ பெயரிலேயே ஆண்டு, மாதம், நாள், நேரம் போட்டுவிடும். பில் புத்தகத்தில் தேதியைப் பார்த்தால் படம் கிடைத்துவிடும். ப்ராபர்ட்டீஸிலும் தேதி இருக்கிறதே என்பீர்கள். டிரைவில் ஏற்றி வேறு கணினியில் இறக்கினால் அங்கே பெரும்பாலும் இறக்கிய நாள்தான் காட்டும், பெயரில் இருப்பது அப்படியே இருக்கும்.

ஒன்று கவனிக்க வேண்டும். விண்டோஸ் 11இல் தானாகச் சேர்வது வெட்டின மூலப் படம் மட்டும்தான். சிவப்புப் பேனாவால் வட்டம் போட்டால் கன்ட்ரோல்+எஸ் அழுத்த வேண்டும். விண்டோஸ் 10இல் படம் கிளிப்போர்டோடு நிற்கும், நாமே சேமிக்க வேண்டும், அப்படிச் சில படங்களை விட்டிருக்கிறேன். மாக்கில் ஷிஃப்ட்+கமாண்ட்+4, அதுவும் பெயரில் தேதி போடுகிறது. அத்தான் லேப்டாப்பில் இரண்டு தரம் பார்த்ததோடு சரி, அதனால் அதைப் பற்றி அதிகம் பேசமாட்டேன்.

இப்போது தேதியை அழிக்காமல் அதன் பின்னாலேயே ஊரும் இடமும் சேர்த்துவிடுகிறேன்: கானாடுகாத்தான், முகப்பு, சிவப்பு.