‘மூன்று சிலேட்டுகள்’: நாலு வருஷப் பழக்கம், ஒரு 91

‘மூன்று சிலேட்டுகள்’ என்ற கனவுப் புத்தகம் பைண்டிங்குக்குப் போய் நேற்றுதான் திரும்பி வந்தது. இது இரண்டாவது முறை. நாலு வருஷமாகத் தலையணை ஓரத்திலேயே கிடப்பதால் முதுகு விட்டுப்போய், தாள்கள் கொத்துக் கொத்தாகக் கையோடு வர ஆரம்பித்திருந்தன. அதைப் பார்த்த நண்பர், “இவ்வளவு புரட்டியிருக்கிறீர்களே, நானும் ஒன்று வாங்கலாமா?” என்று கேட்டார். எனக்குச் சட்டென்று பதில் வரவில்லை. அதனால்தான் இதை எழுதுகிறேன்.

புத்தகத்தின் அடிப்படை பலருக்கும் தெரிந்திருக்கும். விழிப்பு ஒரு சிலேட்டு, கனவு ஒரு சிலேட்டு, ஆழ்ந்த உறக்கம் ஒரு சிலேட்டு. மூன்றிலும் எழுதும் கை ஒன்றே, எழுதப்படுவது எண். மாண்டூக்கிய உபநிடதம் 12 மந்திரங்களில் சொல்லும் நிலைகளை எடுத்துக்கொண்டு, பெயர் போடாத ஆசிரியர் அதைக் கணக்கு வழியாகச் சொல்லிப் பார்க்கிறார். தத்துவப் பகுதியை நான் இரண்டு முறைதான் படித்தேன். தினமும் கைக்கு வருவது பயிற்சிகள்தான்.

அதில் இரண்டு பயிற்சிகள் என்னோடு ஒட்டிக்கொண்டுவிட்டன. ஒன்று, பகலில் நினைவு வரும்போதெல்லாம் விரல்களை எண்ணுவது. பகலில் செய்வது கனவிலும் தொடரும், அங்கே எண்ணிக்கை தப்பும் என்பது கணக்கு. மூன்றாவது மாதம் ஒரு விடியற்காலையில் அது நடந்தது. ஏதோ ஒரு மாடிப்படியில் நின்று இடது கையை எண்ணுகிறேன், ஏழு வருகிறது. மறுபடி எண்ணினால் ஆறு. பயமே இல்லை. ‘சரி, இது கனவு’ என்று அவ்வளவு தெளிவாகத் தெரிந்தது. அடுத்த சில நொடிகளில் விழித்துவிட்டேன். அந்தத் தெளிவுக்காக இந்தப் புத்தகத்துக்கு நான் என்றைக்கும் கடமைப்பட்டவன். இப்படித் தெளிவோடு கனவு காண்கிறவர்களிடம் தூக்கத்திலேயே ‘8-இல் 6 போனால் எவ்வளவு?’ என்று கேட்டு, கண்களை இடவலமாக இரண்டு முறை அசைத்து ஒருவர் விடை சொன்னதை ஆய்வாளர்கள் 2021-இல் வெளியிட்டபோது, எனக்கு உடம்பு சிலிர்த்தது.

இன்னொன்று கூழாங்கல் பயிற்சி, 40-ஆம் பக்கம். கண்ணை மூடிக்கொண்டு முதல் வரிசையில் ஒரு கல், அடுத்ததில் இரண்டு, அதற்கடுத்ததில் மூன்று என்று 13 வரிசை வைக்க வேண்டும். நான் பெரும்பாலும் எட்டாவது வரிசையைத் தாண்டியதில்லை, தூங்கிவிடுவேன். 13 வரிசையும் முடிந்தால் மொத்தம் 91 கற்கள். பிறகு அதே 91 கற்களைக் கலைத்து, கீழே ஆறுக்கு ஆறு, அதன் மேல் ஐந்துக்கு ஐந்து என்று ஆறு அடுக்குக் கோபுரமாகக் கட்டச் சொல்கிறார். 36, 25, 16, 9, 4, 1. கூட்டிப் பாருங்கள், ஒரு கல்கூட மிஞ்சாது. ஒரே எண் முக்கோணமாகவும் கோபுரமாகவும் நிற்பதை இருட்டில் மனதுக்குள் பார்ப்பது பெரிய சந்தோஷம்.

அப்படிப்பட்ட புத்தகம், 112-ஆம் பக்கத்தில் ‘உடையாத எண்கள்’ என்று ஓர் அட்டவணை போட்டு, 89-க்கும் 97-க்கும் நடுவில் 91-ஐ வைத்திருக்கிறது. அதாவது பகா எண்ணாம்.

91 என்பது 7 × 13. இதை அச்சுப்பிழை என்று விட்டுவிடலாம் என்றுதான் முதலில் நினைத்தேன். ஆனால் அட்டவணைக்குக் கீழே மூன்று பத்தி, 91 ஏன் உடையாது, கனவில் அது ஏன் திரும்பத் திரும்ப வருகிறது என்று விளக்கம். 13 வரிசை முக்கோணம் என்றாலே 13-ஐ 14-ஆல் பெருக்கிப் பாதியாக்குவதுதானே? 13 அங்கே கண்ணெதிரே நிற்கிறது. தன் 40-ஆம் பக்கத்தை 112-ஆம் பக்கத்தில் மறந்துவிட்ட ஆசிரியரை நினைத்தால் நாலு வருஷம் கழித்தும் கோபம் வருகிறது.

கோபத்துக்கு இன்னொரு காரணமும் உண்டு. எனக்கும் அந்தக் கனவு வந்தது. ஒருநாள் பாதி ராத்திரியில் எழுந்து, பக்கத்தில் வைத்திருக்கும் நோட்டில், ‘91 உடையாது. நிரூபணம் ரொம்பச் சுலபம்’ என்று எழுதிவிட்டுப் படுத்திருக்கிறேன். காலையில் அதைப் படித்தபோது எழுத்து என்னுடையதுதான். நிரூபணம் எங்கே? இல்லை. கனவில் இருந்தது நிரூபணம் அல்ல, நிரூபித்துவிட்ட நிம்மதி மட்டும். கனவு அதிகம் வரும் உறக்கத்தில், சரிபார்க்கும் வேலையில் பங்குள்ள முன்மூளைப் பகுதிகள் சோர்ந்திருக்கும் என்பது தெரிந்த விஷயம். கனவில் கிடைக்கும் உறுதியைப் பற்றி ஒரு கனவுப் புத்தகம் முதலில் சொல்லியிருக்க வேண்டியது இதைத்தான். 1908-இலேயே பிரெஞ்சுக் கணித மேதை புவான்காரே சொல்லிவிட்டார். பயண வண்டியின் படியில் கால் வைத்த கணத்தில் தனக்கு ஒரு பெரிய உண்மை விளங்கியதையும், ஊர் திரும்பி ஆற அமரச் சரிபார்த்ததையும் சொன்னவர், இந்த உறுதி சில சமயம் ஏமாற்றும், அதுவும் படுக்கையில் அரைத்தூக்கத்தில் வருபவை அதிகம் ஏமாற்றும் என்றும் சேர்த்தே சொன்னார்.

இந்தப் புத்தகமோ கணித மேதை ராமானுஜனைக் கூப்பிட்டு வைத்துக்கொண்டு, அவர் குலதெய்வமான நாமகிரித் தாயார் கனவில் எழுதினார், இவர் பிரதி எடுத்தார் என்ற அளவில் நிறுத்திக்கொள்கிறது. நாமகிரி மேல் அவருக்கு இருந்த பக்தியில் எனக்குத் துளியும் சந்தேகம் இல்லை. ஆனால் அவர் சிலேட்டில் எழுதி, முழங்கையால் அழித்து, மறுபடி எழுதிய அந்த வருஷங்கள் எங்கே போயின? புத்தகத்தின் பெயரிலேயே சிலேட்டு இருக்கிறதே! 1913-இல் ஆங்கிலேயக் கணித அறிஞர் ஹார்டிக்கு எழுதிய கடிதத்தில் பகா எண்களைப் பற்றி அவர் சொன்ன சில முடிவுகள் தவறாகிப்போயின. அது அவர் பெருமையைக் குறைக்கவில்லை. பகா எண்கள் அப்படிப்பட்டவை, எவ்வளவு பெரிய உள்ளுணர்வையும் ஏமாற்றும். அதைச் சொல்லியிருந்தால் புத்தகத்தின் மேல் மரியாதை கூடியிருக்கும்.

நண்பரிடம் ‘வாங்காதீர்கள்’ என்று சொல்லிவிட்டேன். 40-ஆம் பக்கத்தை மட்டும் கையால் எழுதிக் கொடுத்தேன். விரல் எண்ணுவதற்குப் புத்தகம் தேவையில்லை.

என் பிரதியில் 112-ஆம் பக்க ஓரத்தில் ‘7 × 13’ என்று பென்சிலில் எழுதி வைத்திருந்தேன். பைண்டிங்கில் ஓரம் வெட்டியபோது 3 போய்விட்டது. இப்போது ‘7 × 1’ என்று நிற்கிறது. நேற்று ராத்திரி அட்டவணைக்கு உள்ளேயே, 91-ஐ ஒட்டி, பேனாவால் எழுதிவிட்டு விளக்கை அணைத்தேன். அப்புறம் முதல் வரிசையில் ஒரு கல், அடுத்ததில் இரண்டு.