ட்வைட் ஃப்ரைக்காக வாங்கிய ப்ளூ-ரே பெட்டி

யுனிவர்சல் நிறுவனத்தின் பழைய திகில் படங்கள் எட்டைச் சேர்த்து 2012-இல் வந்த ப்ளூ-ரே தொகுப்பு 'யுனிவர்சல் கிளாசிக் மான்ஸ்டர்ஸ்: எசென்ஷியல் கலெக்‌ஷன்'. எல்லாரும் டிராகுலாவுக்கும் ஃபிராங்கன்ஸ்டைனின் பூதத்துக்கும்தான் வாங்குவார்கள். நான் வாங்கியது ட்வைட் ஃப்ரை என்ற துணை நடிகருக்காக. எட்டில் நான்கு படங்களில் இருக்கிறார் மனிதர்.

முதலில் 'டிராகுலா' (1931) வட்டைப் போட்டேன். ஃப்ரைக்கு இதில் ரென்ஃபீல்ட் வேடம். தொப்பியும் கோட்டுமாக, வீட்டுப் பத்திரத்தை எடுத்துக்கொண்டு டிரான்சில்வேனியாவுக்கு வரும் பவ்யமான ஆங்கிலேயர். அப்புறம் டிராகுலாவையும், அவனுக்கு அடிமையாகிப் புத்தி பேதலித்த இவரையும் ஏற்றி வந்த கப்பல் துறைமுகத்துக்கு வருகிறது. மாலுமிகள் எல்லாரும் செத்துக் கிடக்கிறார்கள். அடித்தளத்தின் கதவைத் திறந்தால், கீழே படிக்கட்டில் நின்று அண்ணாந்து பார்க்கிறார் ரென்ஃபீல்ட். கண் இமைப்பதில்லை. வாய் சரியாகத் திறக்காமலே, தொண்டைக்குள்ளிருந்து ஒரு சிரிப்பு வருகிறது. இந்தப் படத்தில் பின்னணி இசை கிட்டத்தட்ட இல்லவே இல்லை. அதனால் அந்தச் சிரிப்பைத் தாங்கிப் பிடிக்க வேறு எதுவும் இல்லை, அது தனியாக நிற்கிறது. யூடியூபில் மங்கலான பிரதியில் பலமுறை பார்த்திருக்கிறேன். அதில் இரைச்சலும் சிரிப்பும் ஒன்றாகக் குழம்பிக் கிடக்கும். இந்த வட்டில் ஒலியையும் படத்தையும் சுத்தம் செய்திருக்கிறார்கள். சிரிப்புக்கு நடுவில் அவர் மூச்சு வாங்குவதுகூடக் கேட்கிறது. கொடுத்த காசு எனக்கு அங்கேயே சரியாகிவிட்டது.

அதே வட்டில் ஸ்பானிய மொழி டிராகுலாவும் உண்டு. பகலில் ஆங்கிலக் குழு படமெடுத்த அதே அரங்குகளில் இரவில் வேறு நடிகர்களை வைத்து எடுத்தது. கேமரா வேலையில் ஸ்பானியப் படம்தான் மேல் என்று சொல்பவர்கள் உண்டு, எனக்கும் அதில் மறுப்பில்லை. ஆனால் ரென்ஃபீல்ட் விஷயத்தில் விட்டுக்கொடுக்க மாட்டேன். அதில் பாப்லோ ஆல்வாரெஸ் ரூபியோ கத்திச் சிரிக்கிறார். ஃப்ரை அடக்கிச் சிரிக்கிறார். எனக்கு அடக்கிய சிரிப்புத்தான் பயம் தருகிறது.

'ஃபிராங்கன்ஸ்டைன்' படமும் 1931-இல்தான் வந்தது. இதில் கூன் விழுந்த உதவியாளன் ஃபிரிட்ஸ். பலரும் இவனை 'இகோர்' என்பார்கள். அந்தப் பெயர் 1939-இல் பெலா லுகோசி நடித்த வேறொரு பாத்திரத்துடையது. புயல் இரவில் யாரோ கதவைத் தட்டுகிறார்கள். முணுமுணுத்துக்கொண்டே சின்னக் கைத்தடியை ஊன்றி இறங்கிப் போய்ப் பேசி அனுப்பப் பார்க்கிறான் ஃபிரிட்ஸ். திரும்பி ஏறும்போது நடுவில் நின்று, நழுவிய காலுறையை மேலே இழுத்து விட்டுக்கொள்கிறான். மேலே ஒருவர் பிணத்துக்கு உயிர் கொடுக்கத் தயாராகிக்கொண்டிருக்கிறார், இவனுக்குக் காலுறை நழுவுகிறது! அந்த ஒரு நொடியில் ஃபிரிட்ஸ் எனக்கு நிஜ மனிதனாகிவிட்டான். இந்த அச்சில் அந்தக் கல்படிகளின் ஈரம்கூடத் தெரிகிற மாதிரி இருக்கிறது.

மற்ற இரண்டில் அவருக்கு வேலை குறைவு. 'பிரைட் ஆஃப் ஃபிராங்கன்ஸ்டைன்' (1935) படத்தில் கார்ல். சொந்த மாமாவைக் கொன்றுவிட்டுப் பழியைப் பூதத்தின்மேல் போடும் காட்சி ஒன்று அவருக்கு இருந்தது. வெளியீட்டுக்கு முன்பே வெட்டிவிட்டார்கள். 'இன்விசிபிள் மேன்' (1933) படத்தில் ஒரு நிருபராக வந்து போகிறார், பெயர்ப் பட்டியலில்கூட இல்லை. டிராகுலாவில் நான்காவது பெயராக வந்தவர். ஒரே பெட்டிக்குள் இந்த இறக்கத்தைப் பார்ப்பது மனசுக்குக் கஷ்டமாக இருக்கிறது.

கன்சாஸ் மாநிலத்தின் சலைனாவில் 1899-இல் பிறந்தவர். 1920-களில் நியூயார்க்கின் பிராட்வே நாடக மேடையில் பலவிதமான வேடங்கள் கட்டி நல்ல பெயர் வாங்கியவர். ஹாலிவுட்டோ பைத்தியக்காரன், கூனன், எடுபிடி என்றே திரும்பத் திரும்பக் கூப்பிட்டது. போர்க்காலத்தில் இரவு நேரத்தில் விமானத் தொழிற்சாலையில் கருவிகள் வடிவமைத்தார். கடைசியில் அமெரிக்க அதிபர் வில்சனைப் பற்றிய பெரிய படத்தில் போர்த்துறை அமைச்சர் வேடம் கிடைத்தது. கூன் இல்லை, பைத்தியம் இல்லை. அதில் நடிப்பதற்குள், 1943 நவம்பர் 7 அன்று, ஹாலிவுட்டில் பேருந்தில் போகும்போது மாரடைப்பு வந்து போய்விட்டார். வயது 44.

பெட்டியை வாங்கலாமா என்றால், தாராளமாக வாங்கலாம். ஆனால் ஃப்ரைக்காக மட்டும் என்றால் எட்டுப் படமும் தேவையில்லை. 'டிராகுலா', 'ஃபிராங்கன்ஸ்டைன்' இரண்டும் தனித்தனி வட்டாகவே வந்திருக்கின்றன, அது போதும். அவருடைய 'தி வாம்பயர் பேட்' (1933) இதில் கிடையாது, அது வேறு நிறுவனத்தின் படம். நான் வாங்கியது பழைய பெட்டி. 'ஃபிராங்கன்ஸ்டைன்' வட்டில் மெல்லிய கீறல் இருந்தது, நல்லவேளை எங்கும் நிற்காமல் ஓடியது. பழையது வாங்குகிறவர்கள் அந்த வட்டை முதலில் வெளிச்சத்தில் பிடித்துப் பாருங்கள்.