மிலிபாண்டா, புலான்ட்சாஸா: அரசைப் படிக்க யாரிடம் தொடங்குவது?

மார்க்சிய அரசுக் கோட்பாட்டுக்குள் நுழைபவர்கள் பிரிட்டனில் எழுதிய ரால்ஃப் மிலிபாண்ட், பிரான்சில் எழுதிய கிரேக்கரான நிகோஸ் புலான்ட்சாஸ் ஆகிய இரு மார்க்சிய அறிஞர்களுக்கிடையே தயங்குகிறார்கள். 1969, 1970 ஆண்டுகளில் ‘நியூ லெஃப்ட் ரிவ்யூ’ என்ற பிரிட்டிஷ் இடதுசாரி இதழில் நேருக்கு நேர் மோதியவர்கள் இவர்கள்.

கேள்வி
மிலிபாண்ட்: அரசை நடத்துபவர்கள் யார்? எந்த வர்க்கத்திலிருந்து வருகிறார்கள்?
புலான்ட்சாஸ்: நாற்காலியில் யார் அமர்ந்தாலும் அரசு ஏன் மூலதனத்தைக் காக்கிறது?

எளிமை
மிலிபாண்ட்: தெளிந்த நடை, முன்னறிவு அதிகம் வேண்டாம்.
புலான்ட்சாஸ்: 1968 நூல் (‘அரசியல் அதிகாரமும் சமூக வர்க்கங்களும்’) கரடுமுரடானது. பிரெஞ்சு மார்க்சியத் தத்துவவாதி அல்தூசரை அறியாதவர்கள் திணறுவார்கள்.

விளக்கும் வலிமை
இங்கேதான் உண்மையான போட்டி. 1935இல் அமெரிக்காவில் வந்த வாக்னர் சட்டம் தொழிற்சங்க உரிமையை உறுதிசெய்தது. பெருமுதலாளிகள் பலர் அதைக் கடுமையாக எதிர்த்தார்கள். ஆள்பவர்களின் குடும்பப் பின்னணியை மட்டும் பார்த்தால் இது புதிர். முதலாளிகளின் உடனடி விருப்பத்தை மீறியேனும் முதலாளித்துவத்தின் நீண்டகால நலனை அரசு காக்கும் என்ற புலான்ட்சாஸின் ‘சார்புநிலைத் தன்னாட்சி’ இதற்கு வழிகாட்டுகிறது.

ஆனால் புலான்ட்சாஸ் சொல்வதுபோல், ஆள்பவர்கள் யாரானாலும் எல்லாவற்றையும் முதலாளித்துவ அமைப்பே தீர்மானிக்குமானால், பாசிச அரசுக்கும் நாடாளுமன்ற ஜனநாயகத்துக்கும் என்ன வேறுபாடு? மிலிபாண்டின் இந்தக் கேள்வி இன்றும் சுடுகிறது. 1978 நூலில் (‘அரசு, அதிகாரம், சோசலிசம்’) புலான்ட்சாஸே நெகிழ்ந்தார்: அரசு என்பது வர்க்கங்களின் பலச் சமநிலை திரண்டு நிற்கும் வடிவம்; போராட்டம் அதற்குள்ளும் நடக்கிறது.

அதிகார வட்டத்தை ஆராயும் பத்திரிகையாளருக்கும் புதிய வாசகருக்கும் மிலிபாண்ட். இடதுசாரிகள் ஆட்சிக்கு வந்தும் ஏன் தடுமாறுகிறார்கள் என்று தவிப்பவர்களுக்குப் புலான்ட்சாஸ், அதுவும் 1978 நூலிலிருந்து.