கோரைப்பல் இல்லாத டிராகுலா: 350 ரூபாய்க்கு நாலு டிவிடி

பீச் ஸ்டேஷனில் இறங்கி பர்மா பஜாருக்கு சார்ஜர் வாங்கப் போனவன், டிராகுலா வேஷத்துக்குப் பேர் போன ஹாலிவுட் நடிகர் பேலா லுகோசி நடித்த நாலு பழைய படங்களோடு வீடு திரும்பினேன். ரப்பர் பேண்ட் போட்டுக் கட்டி 600 ரூபாய் என்றார் கடைக்காரர். "இதையெல்லாம் இப்ப யாரு சார் கேக்குறா" என்று அவரே வாயை விட்டதால் 350க்குப் படிந்தது.

அட்டையைப் பார்த்து ஏமாற வேண்டாம். 1931 டிராகுலாவின் அட்டையில் யாரோ ரெண்டு கோரைப்பல் வரைந்து, வாயோரம் ரத்தம் வேறு ஒழுக விட்டிருக்கிறார்கள். படத்தில் மனுஷன் ஒரு இடத்தில்கூட கோரைப்பல்லைக் காட்டுவதில்லை. கையில் மெழுகுவத்தியோடு படியில் நிற்கிறார், வெளியே ஓநாய் ஊளையிடுகிறது, அப்புறம் பார்த்தால் வழியை மறித்த பெரிய சிலந்தி வலைக்கு அந்தப் பக்கம் போய்விட்டார், வலை அறுபடவே இல்லை. பின்னணி இசையும் அநேகமாகக் கிடையாது, எங்கள் வீட்டு சீலிங் ஃபேன்தான் ரீரெக்கார்டிங். "நம்பியார் மாதிரி கண்ணை வச்சே பயமுறுத்துறான்டா" என்றார் அம்மா.

அந்தக் குரலுக்காகவே வாங்கலாம். மனுஷன் ஹங்கேரிக்காரர். ஹங்கேரிய மொழியில் எந்தச் சொல்லானாலும் அழுத்தம் முதல் அசையில்தான் விழும், அதை அப்படியே ஆங்கிலத்தில் இறக்கி, சொல்லுக்குச் சொல் நிறுத்திப் பேசுகிறார். சொந்தப் பெயர் பிளாஷ்கோ. 1882இல் பிறந்த ஊர் லுகோஷ் (இப்போது ருமேனியாவில் இருக்கிறது), ஊர்ப் பெயரையே தன் பெயராக்கிக்கொண்டார், நம்ம பட்டுக்கோட்டையார் மாதிரி. புடாபெஸ்ட் தேசிய நாடக அரங்கில் நடித்தவர், முதல் உலகப் போரில் சிப்பாயாகப் போனவர், ஹங்கேரியில் நடந்த 1919 புரட்சியின்போது நடிகர் சங்க வேலையில் இறங்கியதால் புரட்சி கவிழ்ந்ததும் நாட்டை விட்டே ஓட வேண்டியதாயிற்று. ஜெர்மனி போய், அங்கிருந்து அமெரிக்கா. 1922இல் நியூயார்க்கில் ஆங்கில நாடகம் கிடைத்தபோது வசனத்தை ஒலியாகவே உருப்போட்டாராம். தமிழ் தெரியாத நம்மூர் கதாநாயகிகள் ஞாபகம் வந்தால் நான் பொறுப்பில்லை. 1927இல் அதே ஊர் பிராட்வே அரங்கில் அவர் நடித்த டிராகுலா நாடகம் 261 காட்சிகள் ஓடியது. அப்படி ஓட்டியவருக்கு, சினிமாவில் அதே வேஷத்துக்கு வாரம் 500 டாலர், ஏழு வாரம், மொத்தம் 3,500. அவ்வளவுதான்.

செட்டிலேயே சிறந்தது 1934இல் வந்த கருப்பு வெள்ளைப் படம், 'தி பிளாக் கேட்'. போர்க் கைதியாகப் பதினைந்து வருஷம் கிடந்துவிட்டு, பெண்டாட்டியையும் மகளையும் தேடி வருகிற ஹங்கேரி டாக்டராக வருகிறார். மேலங்கி கிடையாது, முறைப்பு கிடையாது. எதிரில் இன்னொரு திகில் பட நட்சத்திரம் போரிஸ் கார்லாஃப். கண்ணாடிப் பெட்டிக்குள் மனைவியின் உடலைப் பார்க்கும்போது அந்த முகத்தைப் பாருங்கள். இந்த ஆளை வைத்துக்கொண்டா ஹாலிவுட் திரும்பத் திரும்பப் பூச்சாண்டி காட்டியது என்று எனக்கு எரிச்சலே வந்தது. நம்பியாருக்காவது பிற்காலத்தில் குணச்சித்திர வேடங்கள் வந்தன. இவருக்கு முதுகு நரம்பு வலியும் மார்ஃபின் பழக்கமும்தான் மிச்சம். 1955இல் தானே போய் மருத்துவமனையில் சேர்ந்தார், அடுத்த வருஷம் ஆகஸ்டில் இறந்தார், புதைத்ததும் டிராகுலா மேலங்கியோடுதான்.

மூன்றாவது, 1939இல் வந்த 'சன் ஆஃப் ஃபிராங்கன்ஸ்டைன்' படத்தில் கழுத்து கோணிய இகோராக வருகிறார். பிரமாதம், ஆனால் அந்த டிஸ்க்கில் சப்டைட்டில் வசனத்துக்கு முன்னாலேயே ஓடுகிறது. நாலாவது, 1948 காமெடி 'அபாட் அண்ட் காஸ்டெல்லோ மீட் ஃபிராங்கன்ஸ்டைன்', திரைப்படத்தில் அவர் மறுபடி டிராகுலாவாக வந்தது அதில்தான், நாற்பதாவது நிமிஷத்தில் நின்றுவிட்டது. துடைத்துப் பார்த்தேன், வேறு பிளேயரில் போட்டேன், ம்ஹூம். திருப்பி எடுத்துக்கொண்டு போனால் கடைக்காரர் சண்டை போடவில்லை, அதற்காகவே ஒரு மார்க் கூடப் போடலாம். "அது வேற பீஸ் இல்ல சார், புரூஸ் லீ எடுத்துக்கறீங்களா?" என்றார். எடுத்துக்கொண்டேன். சார்ஜர் வாங்க இந்தத் தடவையும் மறந்துவிட்டேன்.