ஃபேன்டசி காலண்டர் தளம்: கற்பனை உலகுக்கு நாள் குறிக்க எவ்வளவு உதவும்?

கற்பனை உலகைக் கட்டுகிறவர்கள் வரைபடத்துக்குக் கொடுக்கும் உழைப்பில் கால்பங்குகூட நாட்காட்டிக்குக் கொடுப்பதில்லை. மாதங்களுக்குப் பெயர் வைத்ததோடு நிறுத்திவிடுகிறார்கள். ஓர் அத்தியாயத்தில் பௌர்ணமி, பதினொரு நாள் பயணத்துக்குப் பின் அடுத்த அத்தியாயத்திலும் முழுநிலவொளியில் முற்றுகை என்று எழுதும்போதுதான் கணக்கு உதைக்கும். அந்தக் கணக்கைப் பார்த்துக்கொள்ளவென்றே இருக்கும் இணையக் கருவி ஃபேன்டசி காலண்டர். மேசையைச் சுற்றி உட்கார்ந்து கதாபாத்திரங்களாக ஆடும் டேபிள்டாப் ஆட்டத்தில், கதையை நடத்திச் செல்லும் கேம் மாஸ்டர்களை மனதில் வைத்துச் செய்தது. நாவல் எழுதுகிறவர்களுக்கும் அப்படியே பொருந்தும். பிரவுசரிலேயே இயங்கும். பொத்தான்களும் விளக்கங்களும் ஆங்கிலம்தான். மாதம், கிழமை, நிலா, பண்டிகைப் பெயர்களைத் தமிழில் தட்டச்சு செய்துகொள்ளலாம்.

புதிதாகத் தொடங்கும் முன், உள்ளேயே இருக்கும் தயார் நாட்காட்டிகளில் ஹார்ப்டோஸைத் திறந்து பாருங்கள். டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ் ஆட்டத்தின் ஃபர்காட்டன் ரெல்ம்ஸ் என்ற கற்பனை உலகத்துடையது. 30 நாள் கொண்ட 12 மாதங்கள், வாரத்துக்கு 10 நாள், எந்த மாதத்திலும் சேராத 5 திருநாள்கள், நான்கு ஆண்டுக்கு ஒருமுறை கூடுதலாக ஒரு நாள். அதன் நிலாவின் சுற்று 30.4375 நாள். நான்கு ஆண்டின் 1461 நாளை 48ஆல் வகுத்தால் இதே எண் வரும். அதாவது நான்கு ஆண்டுக்கு ஒருமுறை நிலா தொடங்கிய இடத்துக்கே வந்துவிடும். பார்க்கக் கரடுமுரடான எண்ணாக இருந்தாலும் ஆண்டின் நீளத்திலிருந்து எடுத்ததுதான் அது.

நாமே 365 நாள் ஆண்டு ஒன்றைக் கட்டிப் பார்ப்போம். 28 நாள் கொண்ட 13 மாதங்கள், 7 நாள் வாரம்; மொத்தம் 364. மிச்சமுள்ள ஒரு நாளை ஆண்டிறுதியில் தனி 'மாத'மாகச் சேர்த்து, அதன் வகையை 'இன்டர்காலரி' (இடைச்செருகல்) என்று மாற்ற வேண்டும். அந்த நாளுக்குக் கிழமை கிடையாது. அடுத்த ஆண்டும் அதே கிழமையில் தொடங்கும். வகையை மாற்ற மறந்து சாதாரண மாதமாகவே விட்டால் ஆண்டுக்கு ஒரு கிழமை தள்ளிப்போகும். வாரப் பகுதியில் 'ஓவர்ஃப்ளோ' என்றொரு சுவிட்ச் இருக்கிறது. அதை அணைத்தால் ஒவ்வொரு மாதமும் முதல் கிழமையிலேயே தொடங்கும். 30 நாள் மாதமும் 7 நாள் வாரமும் வைத்திருப்பவர்கள் அதை அணைத்தால் மாதக் கடைசியில் வாரம் பாதியில் அறுந்துவிடும். சந்தை நாள், ஓய்வு நாள் என்று கதையில் வந்தால் இது இடிக்கும்.

லீப் நாளுக்கு எளிய வழி: அந்த ஆண்டிறுதி 'மாத'த்தோடே லீப் நாளை இணைத்து, இடைவெளியை 5 என்று கொடுப்பது. ஆண்டின் சராசரி 365.2 நாள் ஆகும். நம் கிரிகோரியன் முறைபோல வேண்டுமென்றால் இடைவெளிக் கட்டத்தில் 400,!100,4 என்று எழுத வேண்டும். நான்கால் வகுபடும் ஆண்டில் லீப் உண்டு, நூறால் வகுபட்டால் இல்லை, நானூறால் வகுபட்டால் மறுபடியும் உண்டு. ஆச்சரியக்குறிதான் 'இல்லை' என்பதைச் சொல்கிறது. அதை விட்டுவிட்டால் நூற்றாண்டு ஆண்டுகளும் லீப் ஆகிவிடும்.

அதிகம் பேர் சறுக்கும் இடம் நிலா. மாதம் 28 நாள் என்பதால் நிலாவுக்கும் 28 என்று போட்டுவிடுவார்கள். ஆண்டு 365.2 நாள் ஆகிவிட்டதால் அது ஆண்டுக்கு 1.2 நாள் நழுவும். பத்து ஆண்டில் 12 நாள். மாதத்தின் முதல் நாளில் அமாவாசை என்று தொடங்கியது, கிட்டத்தட்ட பௌர்ணமியாக வந்து நிற்கும். 365.2ஐ 13ஆல் வகுத்து 28.0923 என்று போடுங்கள். தசமத்தைத் தளம் ஏற்கும். அப்போது அமாவாசை ஆண்டுக்குள் ஒரு நாள்போலப் பின்தங்கி, ஆண்டிறுதி நாளால் மறுபடி சரியாகிவிடும். முதல் ஆண்டின் முதல் நாளில் எந்த நிலாக் கட்டம் வேண்டுமோ அதற்கேற்ப 'ஷிஃப்ட்' பெட்டியில் நாள் கணக்கில் நகர்த்திக்கொள்ளலாம்.

இரண்டு நிலா வைப்பவர்களுக்கு ஓர் எச்சரிக்கை. 28 நாள் நிலாவும் 45 நாள் நிலாவும் தொடங்கிய நிலைக்கு ஒன்றாகத் திரும்ப 1260 நாள் ஆகும். சுமார் மூன்றரை ஆண்டு. 'இரண்டும் பௌர்ணமி' என்று நிபந்தனை கொடுத்து ஒரு திருவிழாவை அமைத்தால் அதைவிட அடிக்கடி வரக்கூடும். காரணம், தளம் சுற்றைக் கட்டங்களாகப் பிரிக்கிறது. பௌர்ணமிக் கட்டம் சில நேரம் அடுத்தடுத்த இரு நாளுக்கு நீளும். இதற்காகவே நிகழ்வுப் பெட்டியில் இருக்கும் சோதனை வசதியை விடாமல் பயன்படுத்துங்கள். வரும் ஆண்டுகளில் அந்த நிகழ்வு எந்தெந்த நாளில் விழுகிறது என்று பட்டியல் தரும். மாதம், கிழமை, பருவம், நிலாக் கட்டம், வேறொரு நிகழ்விலிருந்து இத்தனை நாள் என்று நிபந்தனைகளைச் சேர்த்துக்கொண்டே போகலாம். இந்தத் தளத்தின் ஆகச் சிறந்த பகுதி இதுதான்.

பருவங்களுக்கும் அதே ஆண்டுக் கணக்குதான். நான்கு பருவத்துக்கும் தலா 91.3 நாள் கொடுத்தால் 365.2 சரியாக வரும். 91 என்று முழு எண்ணாகப் போட்டால் நூறு ஆண்டில் 120 நாள் விலகி, கோடை இருந்த இடத்தில் வேறு பருவம் வந்துவிடும். கூட்டுத்தொகை ஆண்டு நீளத்தோடு பொருந்தாவிட்டால் தளமே எச்சரிக்கை காட்டும். பலர் அதைப் படிக்காமல் கடந்துவிடுகிறார்கள். வானிலை உருவாக்கும் பகுதி அலங்காரத்துக்கு ஆகும், அவ்வளவே.

நம் பஞ்சாங்க முறையைத் தழுவி உலகம் அமைக்க நினைப்பவர்களுக்குப் பாதி வழிதான் கிடைக்கும். பிரபவ முதல் அட்சய வரையான அறுபது ஆண்டுப் பெயர்ச் சுற்றை 'சைக்கிள்' பகுதியில் அழகாக ஏற்றலாம். ஆனால் சூரியன் ராசி மாறும் நேரத்தை வைத்து ஆடிக்கு 31 அல்லது 32 நாள், மார்கழிக்கு 29 அல்லது 30 நாள் என்று அமையும் முறைக்கு இங்கே இடமில்லை. மாத நீளம் நிலையான எண், அதற்கு மேல் லீப் விதி, அவ்வளவுதான். திதியும் அப்படியே, நிலாக் கட்டத்தை வைத்துத் தோராயமாகக் காட்டலாமே தவிர, ஒரு நாளின் நடுவில் திதி மாறுவதைக் காட்ட முடியாது.

இன்னொரு குறை, வரலாற்றின் நடுவே நாட்காட்டிச் சீர்திருத்தம். 1582இல் அக்டோபர் 4க்கு அடுத்த நாளை 15 என்று வைத்ததுபோல உங்கள் பேரரசரும் செய்தால், ஒரே நாட்காட்டிக்குள் அதைக் காட்ட நேரான வழி இல்லை. பழையதற்கும் புதியதற்கும் தனித்தனி நாட்காட்டி போட வேண்டும். அவற்றை இணைத்து ஒன்றாக நகர்த்தும் வசதி சந்தா கட்டுபவர்களுக்குத்தான். ஒரே உலகம், ஒரே நாட்காட்டி என்றால் இலவசக் கணக்கே போதும்.

போனில் பார்க்கலாம், அமைப்பதைக் கணினியில் வைத்துக்கொள்ளுங்கள். ஆட்டக்காரர்களுக்கு இணைப்பு அனுப்பும் முன், வரவிருக்கும் நாள்களையும் ரகசிய நிகழ்வுகளையும் மறைக்கும் அமைப்பைப் போட்டுவிட்டு, கணக்கிலிருந்து வெளியேறி ஒருமுறை திறந்து சரிபாருங்கள்.