டர்டில்பாட்டுடன் இரண்டு வருடம்

தாம்பரம் பக்கம் ஒரு பொறியியல் கல்லூரியில் ரோபோ ஆய்வகத்தைப் பார்த்துக்கொள்கிறேன். டர்டில்பாட்3 பர்கர் என்ற சின்னச் சக்கர ரோபோ எங்களிடம் வந்து இரண்டு வருடம் ஆகிறது. எடை 1 கிலோ, உயரம் 19 செ.மீ. உள்ளே ராஸ்பெர்ரி பை என்ற கையடக்கக் கணினி, உச்சியில் 360 டிகிரியும் சுழன்று பார்க்கும் லேசர். வேகம் அதிகபட்சம் விநாடிக்கு 0.22 மீட்டர்தான். வாங்கிய புதிதில் "இவ்வளவுதானா?" என்றுகூடத் தோன்றியது.

பள்ளிப் பிள்ளைகள் பார்க்க வரும்போதுதான் அதன் அருமை தெரியும். முதலில் நானே ஓட்டி அறையைச் சுற்றிக் காட்டுவேன். சுவர், மேஜைக்கால், பீரோ என ஒவ்வொன்றும் திரையில் கறுப்புக் கோடாக எழும். அப்புறம் வரைபடத்தில் ஒரு இடத்தைக் குறித்தால் போதும், தானே வழி பார்த்துப் போகும். போன மாதம் ஒரு சிறுமி ஓடிப்போய் அதன் குறுக்கே நின்றாள். ரோபோ கொஞ்சம் தயங்கியது. திரையில் பாதைக்கோடு வளைந்தது. அவள் காலைச் சுற்றிக்கொண்டு மெல்லப் போனது. அந்த ஒரு வளைவுக்காகவே இதை வாங்கலாம் என்பேன்.

லேசர் இருக்கும் மட்டத்தில் உள்ளதுதான் அதற்குத் தெரியும். வாசலில் கழற்றிப் போட்ட செருப்பு தெரியாது, போய் முட்டும். கண்ணாடிக் கதவும் அப்படித்தான். ஒளி ஊடுருவிவிடுவதால், கதவு இருக்கும் இடத்தை வெறும் வழி என்று வரைந்துகொள்ளும். கதவின் அடியில் பழைய காலண்டர் அட்டையை ஒட்டினோம், சரியாகிவிட்டது. தொடங்கும்போது அது நிற்கும் இடத்தை வரைபடத்தில் காட்டிவிடுங்கள். மறந்தால் தன்னை வேறு எங்கோ இருப்பதாக நினைத்துக்கொண்டு சுவர்ப் பக்கம் கிளம்பிவிடும்.

இதை இயக்கும் மென்பொருள் ராஸ் 2 (ROS 2, ரோபோக்களுக்கான மென்பொருள் தொகுப்பு), ஹம்பிள் பதிப்பு. 2022இல் வந்தது, 2027 மே வரை ஆதரவு உண்டு. ராஸ் 1இன் கடைசிப் பதிப்பான நோயெடிக்குக்கு 2025 மே மாதத்தோடு ஆதரவு நின்றுவிட்டது. அதனால் புதிதாகப் படிப்பவர்கள் நேராக ராஸ் 2இலேயே தொடங்குங்கள்; பழைய பாடங்களைப் பார்த்து எங்கள் மாணவர்கள் வீணாக்கிய வாரங்கள் அதிகம்.

இரண்டாவது ரோபோ வந்த அன்று நடந்ததையும் சொல்லிவிடுகிறேன். ராஸ் 2இல் டொமைன் ஐடி என்று ஒரு எண் உண்டு; ஒரே வலையமைப்பில் அந்த எண் ஒன்றாக இருந்தால் ஒன்றுக்குச் சொல்லும் கட்டளை மற்றதற்கும் கேட்கும். இரண்டிலும் அதை 30 என்றே விட்டிருந்தேன், வைஃபையும் ஒன்றுதான். ஒன்றை முன்னே போகச் சொன்னால், மேஜைமேல் இருந்த மற்றதும் கூடவே கிளம்பியது. விளிம்பில் ஒரு மாணவர் கையை நீட்டிப் பிடித்தார். இப்போது ஒவ்வொரு ரோபோவுக்கும் தனித்தனி எண். அதை ஸ்டிக்கரில் எழுதி மேல்தட்டிலேயே ஒட்டியிருக்கிறேன்.