தைக்கத் தெரிந்தவர் வரைந்த உடைகள்: நகஹாரா ஜுனிச்சி ஓவியத் தொகுப்பு

விலை மூவாயிரத்தைத் தாண்டும், உள்ளே முழுக்க ஜப்பானிய எழுத்து, ஆனாலும் தையல் தொழிலில் இருப்பவர்கள் வாங்கலாம் என்றுதான் சொல்வேன். தருமபுரி நாலு ரோடு பக்கம் பிளவுஸ் டிசைன் புத்தகம் கேட்டால் கிடைக்கும், இதெல்லாம் கிடைக்காது, ஆன்லைனில்தான் வரவழைக்க வேண்டும். எனக்கு வந்தது மூலை நசுங்கித்தான் வந்தது, ஒரு பபிள் ஷீட்கூடச் சுற்றாமல் அனுப்பியிருந்தார்கள். சரி, உள்ளே தாள் தப்பித்தது.

ஜப்பானிய ஓவியர், உடை வடிவமைப்பாளர் நகஹாரா ஜுனிச்சி 1913-இல் பிறந்து 1983-இல் இறந்தவர். இளம் வயதில் பொம்மை செய்து பெயர் வாங்கியவர், அந்தப் பொம்மைகளின் உடுப்பும் அவர் கைவேலைதான். அப்புறம் 'ஷோஜோ நோ தோமோ' என்ற சிறுமிகள் பத்திரிகையில் வரைந்தார். பெரிய கண், ஒல்லி உடம்பு, கொஞ்சம் ஏக்கமான முகம். போர்க்காலத்து ராணுவ அரசுக்கு இது பிடிக்குமா? 1940-இல் அந்தப் பத்திரிகையை விட்டு வெளியேற வேண்டியதாயிற்று. போர் முடிந்ததும் 1946-இல் சொந்தமாக 'சொரெய்யு', அடுத்த வருடமே 'ஹிமவாரி', 1954-இல் 'ஜூனியர் சொரெய்யு' என்று வரிசையாகப் பத்திரிகை தொடங்கி, படமும் உடை வடிவமைப்பும் ஆசிரியர் வேலையும் தானே பார்த்தார்.

ஆரம்பகாலப் படங்களைப் பார்த்தால் ஓவியர் தகெஹிசா யுமெஜியின் சாயல் பளிச்சென்று தெரியும். யுமெஜி இவருக்கு ஒரு தலைமுறை முந்தியவர், 1914-இல் டோக்கியோவில் 'மினாதோயா' என்று கடை திறந்து தன் அச்சுப் படங்களையும் கடித உறைகளையும் விற்றவர். கழுத்தைச் சாய்த்து, தோளைத் தொங்கவிட்டு, ஜப்பானிய மரபு அங்கியான கிமோனோ உடுத்தி நிற்கும் பெண்கள் அவருடையவர்கள். நகஹாராவின் பெண்களும் அங்கேதான் தொடங்குகிறார்கள், ஆனால் பக்கம் புரளப் புரள முதுகு நிமிர்ந்து, கண் நம்மை நேராகப் பார்க்க ஆரம்பித்து, பிரெஞ்சு ஃபேஷனின் வாசனையும் வந்துவிடுகிறது. பின்னால் வந்த ஓவியர் நைட்டோ ரூனேவை இவர்தான் தன் பத்திரிகை வேலைக்கு அழைத்துக்கொண்டார். ஜப்பானியப் பெண்கள் காமிக்ஸில் இன்றுவரை உருளும் அந்தப் பெரிய கண்களுக்கும் இவர் ஒரு முக்கியமான மூலம்.

என் காசுக்கு மதிப்பு கிடைத்தது போருக்குப் பிந்தைய பகுதியில்தான். துணிக்குப் பஞ்சமான அந்த நாளில் பழைய கிமோனோவைப் பிரித்து ஃபிராக் தைப்பது எப்படி, மிச்சத் துணியை ஒட்டுத்தையல் போட்டு அழகாக்குவது எப்படி என்று படம் போட்டுக் காட்டியிருக்கிறார். கிமோனோத் துணி சுமார் 36 சென்டிமீட்டர் அகலம்தான், 12 மீட்டர் போல நீளம், அதை வளைத்து வெட்டாமல் நேர் நேராக வெட்டித்தான் தைப்பார்கள், அதனால் தையலைப் பிரித்தால் மறுபடி நேர்ப் பட்டைகளாகவே கையில் வரும். அந்தக் குறுகின பட்டைகளை வைத்துப் பாவாடை தைத்தால் இணைப்பு நிறைய வரும் அல்லவா, அதை மறைக்காமல் அதையே டிசைனாக ஆக்கிவிடுகிறார். நம் கடைகளுக்கும் அரூர், பாலக்கோடு பக்கமிருந்து பழைய முகூர்த்தப் பட்டுப்புடவையைக் கொண்டுவந்து பேத்திக்குப் பாவாடை கேட்பார்கள், மடிப்பு மடிப்பாக இற்றுப் போயிருக்கும், இற்ற இடத்தை ஒதுக்கி வெட்டினால் கைக்கு வருவதும் பட்டைகள்தான்.

ஒரு கட்டம்போட்ட ஃபிராக் படத்தை மட்டும் வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். உடம்புப் பகுதியில் கட்டம் நேராக ஓடுகிறது, பாக்கெட்டில் மட்டும் குறுக்காக. இடுப்புச் சுருக்கம் எங்கே தொடங்குகிறது, காலர் எந்தப் பக்கம் படிகிறது, எல்லாம் கோட்டிலேயே இருக்கிறது. வெட்டி விரித்துவிடலாம் போல. இப்போது போனில் வரும் பல டிசைன் படங்களில் கை எங்கே உடம்போடு சேருகிறது என்றே தெரியாது, கஸ்டமர் அதைக் காட்டி 'இதே மாதிரி' என்பார்.

குறையும் உண்டு. இரண்டு பக்கத்துக்கு விரியும் படங்களில் நடு பைண்டிங் ஒரு முகத்தையே விழுங்கியிருக்கிறது. அளவோ கட்டிங் வரைபடமோ மிகக் குறைவு, அவர் வரையும் இடுப்பும் எந்த இன்ச் டேப்பிலும் வராது, நாமே அளவு போட்டுக்கொள்ள வேண்டியதுதான். எழுத்தைப் போன் கேமராவில் மொழிபெயர்த்தால் பாதி புரிகிறது, பாதி உளறல்.

வரையக் கற்கும் காலேஜ் பிள்ளைகளுக்கு இவ்வளவு செலவு தேவையில்லை, அவர் படங்கள் போஸ்ட்கார்டாகவும் வருகின்றன, அது போதும். கடைக்கு வாங்குகிறவர்கள் முதல் நாளே பிளாஸ்டிக் அட்டை போட்டுவிடுங்கள், மிஷின் எண்ணெய்க் கை பட்டால் அந்தத் தாளில் கறை போகாது.